காத்தாயியும் சோதனைச் சாவடியும்

என் மனைவியின் தம்பி இராசமாணிக்கத்தைக் கம்ப்யூட்டர் படிக்கக் கொழும்புக்கு அனுப்பினோம். அவன் கம்ப்யூட்டர் விளையாட்டுகளுக்குக் கதை இயக்குநர் ஆகிவிட்டான். எதிரியைச் சுட்டுத் தள்ளும் விளையாட்டெல்லாம் அவனுக்கு இளக்காரம். அவன் விளையாட்டில் கதை இருக்கும், கண்ணீர் இருக்கும், ஆடுகிறவன் மனமே மாறிவிடுமாம். உக்குவளையில் பலசரக்குக் கடை நடத்துகிற எனக்கு, இந்த நாட்டில் யார் மனம் எப்போது மாறும் என்று கொஞ்சம் தெரியும். ஆனால் கலைஞரிடம் யார் வாய் கொடுப்பது?

அவனுடைய கதையில் காத்தாயி என்ற தேயிலைத் தோட்டத்துத் தமிழ்ப் பெண், காய்ச்சல் கண்ட குழந்தையோடு ஆஸ்பத்திரிக்குப் போகிறாள். வழியில் சோதனைச் சாவடி. ஆடுகிறவர்தான் அங்கே பொலிஸ்காரர். அவளைப் பிடிக்கலாம், விடலாம். சிங்கள ஆட்கள் ஆட வேண்டும் என்றே அதைச் சிங்களத்தில் எழுதியிருந்தான். அதைப் பார்த்துச் சிங்கப்பூர்க் கம்பெனி ஒன்று அவனை வேலைக்குக் கூப்பிட்டது.

அது 2008, சண்டை நடந்துகொண்டிருந்த காலம். விமானம் ஏறுவதற்கு முதல் நாள் எங்களிடம் சொல்லிக்கொண்டு போக வந்தவனை, வழியில் பொலிஸ்காரர்கள் பஸ்ஸிலிருந்து இறக்கினார்கள். லெப்டொப்பைத் திறக்கச் சொன்னார்கள். திறந்தான். திரையில் மணல்மூட்டை, தார்ப் பீப்பாய், சாய்ந்த பலகை, பின்னால் கித்துள் மரம். அவர்கள் நின்றிருந்த அதே சாவடி! எல்லாம் அச்சு அசலாக இருந்தால்தானே கலைஞருக்குத் திருப்தி? தமிழ்ப் பையன் பொலிஸ் சாவடியை வரைந்து கையில் வைத்திருந்தால் மாலையா போடுவார்கள்?

அவனுடைய பிறப்புச் சான்றிதழைத் தூக்கிக்கொண்டு, அவனைக் கொண்டுபோன பொலிஸ் நிலையத்துக்கு நான் ஓடினேன். அங்கே பேசியதெல்லாம் சிங்களம்; நம் பேச்சில் சொல்கிறேன்.

"இது கேம் சேர். வெளாண்டு பாத்தா வெளங்கும்," என்று பொறுப்பதிகாரியிடம் இராசமாணிக்கம் கெஞ்சிக்கொண்டிருந்தான்.

அதிகாரி ஆடினார். வந்ததும் வராததுமாகக் காத்தாயியைப் பிடித்தார். கதை முடிந்துவிட்டது.

"இவ்வளவுதானா?"

"அவள விட்டாத்தான் மிச்சக் கதை வரும் சேர்."

மனமில்லாமல் விட்டார். பிறகு சாப்பாட்டுக்குக்கூட எழும்பவில்லை. குழந்தை பிழைத்த இடத்தில் லேஞ்சியை எடுத்துக் கண்ணைத் துடைத்தார். இராசமாணிக்கம் என்னைத் திரும்பிப் பார்த்தான். அந்த முகத்தில் அப்படியொரு பெருமை. எனக்கே ஒரு நிமிடம் நம்பிக்கை வந்துவிட்டது. அதை நினைத்தால் இன்றைக்கும் வயிறு எரிகிறது.

"நல்ல கதை. பாவம் அந்தப் பொண்ணு," என்றார் அதிகாரி.

"அப்ப நான் போகலாமா சேர்? நாளைக்கு பிளைட்டு."

"அவ யாருன்னு கதை பூராப் பாத்தேன். நீ யாருன்னு எனக்குத் தெரியாதே."

விமானம் போனது. வேலையும் போனது. லெப்டொப்பையும் அவனையும் விசாரணைக்கென்று அங்கேயே வைத்துக்கொண்டார்கள். நான் சோற்றுப் பார்சலோடு போகும் போதெல்லாம் யாராவது ஒருவர் ஆடிக்கொண்டிருப்பார். ஒருவர்கூடக் காத்தாயியைப் பிடிக்கவில்லை. "கவனமாப் போ தங்கச்சி," என்று திரையைப் பார்த்துச் சொன்ன ஒரு கான்ஸ்டபிள், அதே கையோடு என் பார்சலைப் பிரித்து, சோற்றுக்குள் என்ன ஒளித்திருக்கிறேன் என்று விரலால் கிளறினார்.