கொடுத்தவள்

வயிற்றில் இருப்பது இரட்டை என்று தெரிந்ததும் உசிலம்பட்டியிலிருந்து மாமியார் இருளாயி ஓசூருக்கு வந்துவிட்டாள். மோகனப்ரியா செல்போன் பாகங்கள் செய்யும் தொழிற்சாலையில் வேலை பார்த்தவள். கணவன் பிரதாப் சிப்காட்டில் இன்னொரு கம்பெனியில் மெஷின் ஓட்டினான்.

டாக்டர் சுசித்ரா ஆரம்பத்திலேயே எச்சரித்திருந்தார். "ரெண்டுக்கும் ஒரே நஞ்சுக்கொடி. சில பேருக்கு அதுவழியா ஒண்ணோட ரத்தம் இன்னொண்ணுக்குப் போக ஆரம்பிச்சிடும். அபூர்வம்தான். ஆனா வந்தா வேகமா வரும். ரெண்டு வாரத்துக்கு ஒரு தடவை ஸ்கேன் கட்டாயம்மா."

ஐந்தாம் மாதம் ஸ்கேனுக்குக் கிளம்பியபோது இருளாயி தடுத்தாள்.

"நான் நாலு பெத்தேன், ஒண்ணுக்கும் ஸ்கேன் பாக்கல. வயித்துப் பிள்ளைய சும்மா சும்மா படம் பிடிச்சா ஆகாது."

"எனக்கும் லீவு கிடைக்கல. அடுத்த தடவை சேத்துப் பாத்துக்கலாம்" என்றான் பிரதாப்.

தனியாகவே போகிறேன் என்றவளை, ஆட்டோவில் குலுங்கும் என்று இருளாயி விடவில்லை. மோகனப்ரியா செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தாள்.

அதன்பின் வயிறு மளமளவென்று பெருத்தது. "ரெண்டும் நல்லா ஊறுது" என்று வீட்டுக்காரம்மா ருக்மணியிடம் இருளாயி பூரித்துப்போனாள். மோகனப்ரியாவுக்குப் படுத்தால் மூச்சு முட்டியது. ஒருநாள் யாரிடமும் கேட்காமல் ஆட்டோ ஏறினாள்.

டாக்டர் திரையை அவள் பக்கம் திருப்பினார். ஒரு குழந்தை அளவுக்கு மீறிய தண்ணீரில் மிதந்தது. மற்றது தண்ணீரே இல்லாமல், பாலிதீன் கவரில் சுற்றியதுபோல் ஓரமாக ஒட்டிக் கிடந்தது.

"போன தடவை ஏன் வரல?" என்று மட்டும் கேட்டார்.

அன்றே பெங்களூருக்கு அனுப்பினார்கள். வயிற்றில் மெல்லிய குழாயைச் செலுத்தி, இரண்டையும் இணைத்த ரத்தக்குழாய்களை லேசரால் சுட்டு அடைத்தார்கள். மறுநாள் ஸ்கேனில் ஒரு துடிப்புத்தான் கேட்டது.

"எது டாக்டர் இருக்கு?"

"சின்னது. ரத்தம் குடுத்துட்டு இருந்ததே, அது. வாங்கினதோட இதயம் அவ்வளவு ரத்தத்தைத் தாங்கலம்மா."

போனதையும் இருப்பதையும் அவள் சேர்த்தே சுமந்தாள். எட்டாம் மாதத்தில் இரண்டும் வெளியே வந்தன. இரண்டும் பெண். இறந்ததைத் துணியில் சுற்றி பிரதாப் எடுத்துப் போனான். அவளுக்குக் காட்டவில்லை.

உயிரோடு வந்தவள் இன்குபேட்டரில் கிடந்து, உள்ளங்கை அகல முகத்தோடு வீட்டுக்கு வந்தாள். குளிப்பாட்டுவதிலோ சாம்பிராணி காட்டுவதிலோ இருளாயி ஒரு குறையும் வைக்கவில்லை. ஆனால் குழந்தை பார்க்க வந்த ருக்மணியிடம் சொன்னாள்:

"கூடப் பொறந்தவ ரத்தத்தைக் குடிச்சுட்டு வந்தவ தாயி இவ. டாக்டரே சொல்லிருச்சாம்."

பால் கொடுத்துக்கொண்டிருந்த மோகனப்ரியா நிமிர்ந்தாள். "அத்தை, இவ குடிக்கல. இவதான் குடுத்தவ. வாங்கின பிள்ளைதான் போயிருச்சு."

இருளாயி சற்று யோசித்தாள்.

"அப்ப குடுத்தே கொன்னுட்டா."

ருக்மணி தலையைக் குனிந்துகொண்டாள்.

"ரெண்டு வாரத்துல போகவேண்டிய ஸ்கேனுக்கு என்னைய விடல. அதைச் சொல்லுங்களேன் அவங்ககிட்ட."

இருளாயி எழுந்து அடுப்படிக்குப் போனாள். ஷிஃப்ட் முடிந்து வந்த பிரதாப்பிடம் மோகனப்ரியா நடந்ததைச் சொன்னாள்.

"அம்மா பேச்சுத்தான அது. மனசுல ஒண்ணும் இருக்காது. விடு."

சில மாதங்களில் குழந்தை தேறியது. ஒரு ஞாயிற்றுக்கிழமை பால் முடிந்ததும் அழுத மகளைத் தூக்கிக் கொஞ்சியபடி பிரதாப் சிரித்தான். "கூடப் பொறந்தவளோடதைக் குடிச்சும் பத்தலையாடி உனக்கு?"

கேலியாகத்தான் சொன்னான். சொன்னது தப்பென்றும் அவனுக்குத் தோன்றவில்லை. மோகனப்ரியா குழந்தையை அவன் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள்.

அடுத்த வாரம், தன்னோடு வேலை பார்த்த அருணா குடியிருக்கும் காம்பவுண்டில், தளி ரோட்டில், ஓர் அறை பிடித்தாள். குழந்தையோடு அங்கே போய், பழைய வேலையில் மறுபடி சேர்ந்தாள். இருவரும் வேறு வேறு ஷிஃப்ட் கேட்டு வாங்கிக்கொண்டார்கள். ஒருத்தி வேலைக்குப் போனால் ஒருத்தி குழந்தையைப் பார்த்துக்கொண்டாள்.

விடுமுறைகளில் பிரதாப் பழம் வாங்கிக்கொண்டு வருகிறான். "ஒரு வார்த்தைக்காகவா இப்படி?" என்கிறான். ஆரம்பத்தில் அவனுக்கு விளக்கிப் பார்த்தாள். இப்போது டீ போட்டுக் கொடுக்கிறாள், அவ்வளவுதான்.