கதவில் ஒட்ட வேண்டிய உத்தரவு

கயல் ஸ்பூனால் பாலை ஊற்றிக்கொண்டிருந்தபோது காலிங் பெல் அடித்தது. கதிரேசனின் கடைவாயில் பால் வழிந்தது.

“பொன்ராஜா?”

மூச்சு விடவே முடியவில்லை, இதில் பொன்ராஜ் கவலை வேறு.

“யாருமில்ல நைனா.”

பொன்ராஜ்தான். கதிரேசன் வேலை பார்க்கும் வாரிய அலுவலகத்து பியூன். மூன்று நாளாக ஒரு பழுப்பு உறையோடு மேற்கு மாம்பலம் வீட்டுக்கு நடையாக நடக்கிறார். உள்ளே பதவி இறக்க உத்தரவு. ஆறு வருஷத்துக்கு முன் இடஒதுக்கீட்டில் சூப்பிரண்டு ஆனவர் கதிரேசன். அந்தப் பட்டியலே செல்லாது என்று கேஸ் முடிந்துவிட்டது, பழையபடி உதவியாளராம். ரிட்டயராக இன்னும் பத்து நாள். அதுவரை உத்தரவு கைக்கு வராவிட்டால் சூப்பிரண்டுதான்.

நேற்று மகளிடம் சொல்லியிருந்தார். “கேஸ் போட்ட ஸ்ரீகிருஷ்ணா மேல தப்பில்லம்மா. அவனும் பன்னெண்டு வருசமா ஒரே சீட்ல குந்திக்கினு கீறான். ஆனா எங்கப்பன் அந்த ஆபீஸ்ல கக்கூஸ் கழுவுனவன். நான் சூப்பிரண்டாத்தான் சாவணும். வாங்கிடாத.”

பெல் மறுபடியும் அடித்தது. அவள் திரும்பிப் பார்ப்பதற்குள் கதிரேசனின் நெஞ்சு நின்றுவிட்டது.

“ஐயோ நைனா!”

அக்கம்பக்கத்தினர் ஓடிவந்து, சும்மா சாத்தியிருந்த கதவைத் திறந்தார்கள். செருப்பைக் கழற்றிவிட்டு முதலில் உள்ளே வந்தது பொன்ராஜ். காலைத் தொட்டு அழுதார், நிஜமாகவே. அப்போது அவருடைய போன் அடித்தது.

“சார், அவரு எறந்துட்டாரு சார்.”

மறுமுனையில் அதிகாரியின் குரல் கயலுக்கே கேட்டது. “அவரு உயிரோட இருக்கும்போதே போட்ட உத்தரவுய்யா. கதவுல ஒட்டு, கையில குடுத்த கணக்குதான். டோர் நம்பரோட போட்டோ அனுப்பு.”

அடப்பாவிகளா, உடம்பு சூடுகூட ஆறவில்லையே! ஒட்டிவிட்டால் நைனா செத்தது உதவியாளராக. கயல் எழுந்தாள். கதவை முழுக்க உள்ளே தள்ளி, கேஸ் சிலிண்டரை உருட்டி வந்து முட்டுக் கொடுத்தாள். சாவு வீட்டுக் கதவை உடல் போகும்வரை யாரும் மூடமாட்டார்கள். நம்பர் எழுதிய பக்கம் இப்போது கூடத்துக்குள் இருந்தது, கதிரேசனின் தலைமாட்டில்.

“கதவு தொறந்து கீது சார். போட்டோ எடுத்தா பாடியும் உழும்.”

மறுமுனைக் குரல் தணிந்து ஏதோ கேட்டது.

பொன்ராஜ் போனைக் கையால் பொத்திக்கொண்டார். “எப்ப எடுப்பீங்கன்னு கேக்குறாரு பாப்பா.”

“சொந்தக்காரங்க வரணும்ணா. லேட்டாவும்.”

அதையே போனில் சொன்னார். பிறகு வெளியே போய், பிளாஸ்டிக் நாற்காலி ஒன்றை இழுத்து, உறையை மடியில் வைத்துக்கொண்டு, கதவைப் பார்த்தபடி உட்கார்ந்தார்.