வண்டி நிற்காத இடம்

சாலையோரத்தில் முள்ளம்பன்றி செத்துக் கிடந்தால் எஸ்கசோனி ஊரின் மிக்மாக் பழங்குடிகள் யாரும் வண்டியை நிறுத்தாமல் போகமாட்டார்கள். அதன் முள்ளில் கைவேலை செய்யத் தெரியாதவன்கூட, தெரிந்தவளுக்கு ஆகட்டும் என்று ஒரு சிட்டிகை புகையிலையை நன்றியாக மண்ணில் வைத்துவிட்டுத் தூக்கி வருவான். அன்றைக்கு நோயெல்லா நிறுத்தவில்லை.

பிர்ச் மரப்பட்டையில் முள்ளம்பன்றி முள்ளைக் குத்திப் பூவும் நட்சத்திரமுமாகப் பெட்டி செய்கிறவள் அவள். நகரத்துக் கண்காட்சியில் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். அதை நடத்துகிற வெள்ளைக்காரப் பெண்கள் இரண்டு பேர், வெளுத்த கோட்டும் வாசனையுமாகப் பின்சீட்டில் இருந்தார்கள். பக்கத்தில் நாத்தனார் டோரீன்.

டோரீன் தங்கள் மிக்மாக் பேச்சிலேயே கத்தினாள். "அண்ணி, நிறுத்து நிறுத்து! எத்தாம் பெரிசு பாரு! டிக்கில கம்பளி கெடக்கு. மேல போட்டு நாலு தட்டு தட்டினா முள்ளெல்லாம் அதுல ஏறிக்கும்."

பின்னாலிருந்து ஒருத்தி கேட்டாள்: "என்ன சொல்றாங்க?"

"ஒண்ணுமில்ல. வழி சொல்றா," என்றாள் நோயெல்லா. கால் ஆக்ஸிலேட்டரை அழுத்தியது. டோரீன் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டாள். அவள் முகம் திருப்பினால் என்ன அர்த்தம் என்று அண்ணிக்குத் தெரியாதா?

மேடையில் நோயெல்லா சொன்னாள்: "எதையும் நாங்க வீணாக்கமாட்டோம். உயிரை விட்ட பிராணிக்குப் புகையிலை வச்சு, நன்றி சொல்லிட்டுத்தான் முள்ளைத் தொடுவோம்." கைதட்டல் எழுந்தது. முதல் வரிசையில் டோரீன் தன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். நோயெல்லாவுக்குக் காது மடல் கொதித்தது.

அந்த வெள்ளைக்காரப் பெண்கள் நகரத்திலேயே தங்கிவிட்டார்கள். திரும்பும் வழியில், யாரும் சொல்லாமலே அதே இடத்தில் வண்டியை நிறுத்தினாள். சாலையில் ஒன்றுமில்லை. ஓரத்து ஃபிர் மரத்தடியில் முள் நீக்கிய உடலைக் கிடத்தி, பச்சைக் கிளை போட்டு மூடியிருந்தது. பக்கத்தில் புகையிலைத் தூள்.

"யாரோ மனுஷங்க வந்திருக்காங்க," என்றாள் டோரீன்.

மறுநாள் காலையில், முள்ளை ஊறவைக்க வாயில் அடக்கிக்கொண்டு நோயெல்லா வேலை செய்துகொண்டிருந்தாள். டோரீன் சுடச்சுட லுஸ்கினிகன் ரொட்டியைப் பிய்த்துத் தின்றுகொண்டிருந்தாள். பக்கத்து வீட்டு வில்ஃப்ரெட் ஒரு பையோடு உள்ளே வந்தான்.

"அக்கா, இந்தா முள்ளு. நேத்து உன் வண்டிக்குப் பின்னாடியேதான் வந்தேன். நீ பாத்திருக்க மாட்டே. பாத்திருந்தா விடுவியா?"

அவளுக்கு வாய் நிறைய முள் இருந்தது. தலையாட்டியிருந்தால் போதும், பாருங்கள், அதோடு போயிருக்கும். டோரீன் மெல்லுவதை நிறுத்திவிட்டாள்.

நோயெல்லா முள்ளை ஒவ்வொன்றாக உள்ளங்கையில் துப்பினாள்.

"பாத்தேன், வில்ஃப்ரெட். பாத்துட்டுதான் போனேன். அந்தப் பொம்பளைங்க முன்னாடி செத்ததைத் தூக்க வெக்கமா இருந்திச்சு."

அவன் கடகடவென்று சிரித்தான். "நீயா? போக்கா, ஆளப் பாரு! முள்ளுன்னா தூக்கத்துல எழுந்து ஓடறவ நீ!" சிரித்துக்கொண்டே போய்விட்டான்.

அவன் நம்பவே இல்லை. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை. தலை குனிந்தபடி உட்கார்ந்திருந்தாள். பையைத் தொடக் கை வரவில்லை.

டோரீன் எழுந்து வந்து, மீதி ரொட்டியை அவள் முன்னால் வைத்தாள்.

"தின்னு அண்ணி," என்றாள். "தின்னுட்டு வண்டிய எடு, அந்த மரத்தடிக்குப் போயிட்டு வருவோம். புகையிலைய நான் எடுத்துக்கறேன்."