கடலடி ஊரின் பஞ்சாங்கம்

ஜெராக்ஸ் மெஷின் கண்ணாடியில் அந்தத் தாள் கவிழ்ந்து கிடந்தது. யாரோ நகலை எடுத்துக்கொண்டு மூலத்தை மறந்துவிட்டார்கள். பாண்டியராஜ் அதைத் திருப்பிப் பார்த்தார். பார்த்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

பெரிய வட்டம். அதற்குள் பதின்மூன்று கூறுகள். திருக்கை, கணவாய், சிங்கிறால், சீலா என்று ஒவ்வொரு கூறுக்கும் ஒரு பெயர். கூறுக்கு ஐம்பத்தேழு புள்ளிகள். அங்கங்கே சில புள்ளிகளைச் சுற்றிச் சிவப்பு மை. அதில் நான்குக்கு மட்டும், பொடிப் பொடியாக, நம் காலண்டர் தேதி. ஜூன் 13, ஜூன் 27, ஜூலை 12.

பாண்டியராஜ் செக்யூரிட்டி ஆபீசராக இருந்த அந்த கன்டெய்னர் யார்டில், மூன்றாம் நம்பர் ஷெட்டிலிருந்து கிராம்பு மூட்டைகள் காணாமல் போனது அதே மூன்று தேதிகளில்தான். மறுநாள் காலையில்தான் குறைவது தெரிந்தது. அதன்பிறகு ராத்திரி முழுக்க ஆள் போட்டார், கேட்டில் கேமரா கூட்டினார். ஒரு ஈயும் சிக்கவில்லை. மேனேஜர் சுருக்கமாகச் சொல்லிவிட்டார்: சனிக்கிழமை சாயங்காலம் அஞ்சு மணிக்குள்ள, ஒண்ணு திருடன் பேர் வரணும், இல்ல உங்க ராஜினாமா வரணும்.

நான்காவது தேதியைப் படித்தார். ஜூலை 26.

இன்றைக்கு. சனிக்கிழமை.

வலப்பக்கம் சாய்ந்த அந்தக் கையெழுத்தை அவர் தினமும் பார்க்கிறார். கேட்டில் லாரிகளுக்குப் பாஸ் போடும் ஜெமி. ஆலந்தலை மீனவர் வீட்டுப் பெண்.

"என்ன பாண்டி, பேய் அறைஞ்ச மாதிரி நிக்க?" ஷெட் சூப்பர்வைசர் கிளைட்டன் பின்னால் வந்து எட்டிப் பார்த்தான். தேதிகளைப் படித்ததும் அவன் சிரிப்பு நின்றது. பிறகு குரலைத் தாழ்த்தினான். "நான் அப்பவே நெனச்சேன். எந்த வண்டி எப்ப வருது, எல்லாம் அவளுக்குத்தான் அத்துப்படி. வெளிய ஆளுகளுக்குத் தேதி குறிச்சுக் குடுத்திருக்கா. நீ இன்னைக்கு உன் ஆளுக அத்தன பேரையும் கேட்டுல நிறுத்து. மத்தியானம் வண்டியோட பிடிச்சிரலாம்."

பாண்டியராஜ் அந்த இடத்திலேயே மேனேஜருக்கு வாட்ஸ்அப்பில் அடித்தார்: 'பேர் கிடைத்துவிட்டது. ஜெமி.' பதில் உடனே வந்தது. 'போலீசுக்குச் சொல்லுகிறேன். வெளியே விடாதீர்கள்.'

கேட் கேபினுக்குள் அவர் நுழைந்தபோது மணி பன்னிரண்டே முக்கால். தாளை மேசையில் போட்டார்.

"இது என்னது?"

ஜெமி லபக்கென்று எடுத்துக்கொண்டாள். "ஐயோ, எங்கன கிடந்துச்சு அண்ணாச்சி? காலைலருந்து தேடுதேன்."

"என்னதுன்னு கேட்டேன்."

"காலண்டர்."

"எந்த ஊர்க் காலண்டர்?"

"இல்லாத ஊர்." அவள் வெட்கப்பட்டாள். "போன்ல ஒரு ஆப்புல தொடர்கதை எழுதுதேன். கடலுக்கடியில ஒரு ஊரு. அங்கன வெயிலே தெரியாதுல்லா? பின்ன எத வச்சு நாள் எண்ணுவாவ? தண்ணி ஒருக்கா ஏறி எறங்குனா ஒரு நாள். அம்பத்தேழு ஏத்தம் சேந்தா ஒரு மாசம். மாசத்துக்கெல்லாம் மீன் பேரு."

நன்றாகத்தான் கதை கட்டுகிறாள் என்று நினைத்துக்கொண்டார். "சிவப்பு மை?"

"வாசல் நாள். கடல் முழுசா ஏறுத அன்னைக்குத்தான் அந்த ஊர் வாசல் தொறக்கும். அந்த அத்தியாயத்த நெசமாவே தண்ணி ஏறுத நாள்ல போடணும்னு எனக்கு ஒரு கிறுக்கு. எங்கப்பாட்ட கேட்டுத் தேதி குறிச்சேன்." போனை நீட்டினாள். மூன்று அத்தியாயங்கள், அதே மூன்று தேதிகள்.

"தண்ணி ஏறுறது அமாவாசை பௌர்ணமிக்குத்தானே? இது எதுவும் அமாவாசை இல்லியே. எனக்கே காது குத்துதியா?"

"அண்ணாச்சி, நீங்க ஏரல் பக்கத்து வயக்காட்டு ஆளு, அதான் தெரியல." அவள் சிரித்தேவிட்டாள். "ரெண்டு நாள் கழிச்சுத்தான் முழு ஏத்தம் வரும். வேணும்னா நம்ம பின்சுவருக்கு வெளிய, கடல்ல சேருத ஓடையப் போய்ப் பாருங்க. மத்த நாளெல்லாம் சகதி. இன்னைக்கு மத்தியானம் ஒரு மணிக்கு வள்ளமே ஓட்டலாம்."

பாண்டியராஜ் கடிகாரத்தைப் பார்த்தார்.

பின்சுவர். தினமும் காலை எட்டு மணிக்கு அந்த ஓடையை அவர் பார்க்கிறார். முழங்கால் புதையும் சகதி. அவர் ஊர் வாய்க்காலில் மடை திறந்தால் தண்ணீர் வரும், வந்தால் நிற்கும். பகலுக்குள் வந்து பகலுக்குள் போகும் தண்ணீரை அவர் யோசித்ததே இல்லை. சகதியில் எவன் வருவான் என்று அங்கே ஆளும் போடவில்லை, கேமராவும் வைக்கவில்லை. காவலெல்லாம் ராத்திரிக்கு. பகல் ஒரு மணிக்கு ஷெட் ஆட்கள் சாப்பிடப் போய்விடுவார்கள்.

ஆட்களையெல்லாம் கேட்டில் நிறுத்தச் சொன்னது யார்?

தன் ஆட்களில் இருவரைக் கூப்பிட்டார். "செந்தூர்வேல்! சுடலைராஜ்! என்கூட வாங்கல. சத்தம் போடாம வாங்க."

மூன்றாம் ஷெட்டைச் சுற்றிக்கொண்டு போனபோதே தண்ணீர் மினுமினுத்தது தெரிந்தது. ஓடை சுவர்வரை தளும்பி நின்றது. மழைத்தண்ணீர் வடிகிற வழியின் கம்பிக்கதவு, எப்போதும் பூட்டியிருப்பது, அகலத் திறந்து கிடந்தது. வெளியே ஒரு வள்ளம். அதில் இரண்டு பேர். கம்பிக்கதவில் நின்று மூட்டையை எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தான் கிளைட்டன்.

வள்ளத்துக்காரர்கள் தண்ணீரில் குதித்தார்கள். ஒருவனைச் சுடலைராஜ் முடியைப் பிடித்து இழுத்தான். கிளைட்டன் ஓடவில்லை. மூட்டையை மெதுவாகக் கீழே வைத்தான்.

"வயக்காட்டானுக்கு இந்தப் பக்கம் என்னல சோலி?" என்றான். "அவள மாட்டி விட்டுட்டு நீ நிம்மதியா சம்பளம் வாங்கிருக்கலாம்லா."

பாண்டியராஜ் போனை எடுத்தார். மேனேஜருக்குப் பேரை மாற்றிச் சொல்ல இரண்டு முறை வாய் குழறியது.

போலீஸ் ஜீப் கேட்டுக்குள் வந்து, கிளைட்டனையும் பிடிபட்ட வள்ளத்துக்காரனையும் ஏற்றிக்கொண்டு போனது. மேனேஜர் தோளில் தட்டிவிட்டுப் போனார். ராஜினாமா பேச்சே எழவில்லை. பாண்டியராஜ் கேட் கேபின் ஜன்னலுக்கு வந்து நின்றார்.

ஜெமி நிமிரவில்லை. "ஜீப்புல வந்த ஏட்டு முதல்ல என்னையத்தான் விசாரிச்சாரு, ஜெமிங்கது யாருன்னு. எம்பேரக் குடுத்தது நீங்கதான?"

"ஆமா."

"எங்கிட்ட ஒரு வார்த்த கேக்கதுக்கு முன்னயா, பொறவா?"

"முன்ன."

வெளியே லாரிக்காரன் ஹாரனை அமுக்கினான்.

"தள்ளி நில்லுங்க சார்," என்றாள். "வண்டிக்குப் பாஸ் போடணும்."