கண்ணோரத்து ஈ

ஆண்டு 1986. பரமத்தி வேலூரில் எங்கள் தெருவுக்கு முதல் டி.வி. எங்கள் வீட்டில்தான். அந்த ஞாயிற்றுக்கிழமைப் படத்தில் தங்கமுத்து மாமா வருகிறார் என்று தெருவே கூடிவிட்டது. மாமாவும் வெற்றிலைக் கொடிக்காலிலிருந்து நேராக வந்து ஓரமாக உட்கார்ந்தார். சேலத்து ஸ்டுடியோவில் இருபது வருஷம் துணை நடிகராக இருந்தவர். பெரும்பாலும் பிண வேஷம். எனக்கு அவர்மேல் பெரிய மரியாதை கிடையாது. சும்மா படுத்துக் கிடப்பதெல்லாம் ஒரு தொழிலா?

படத்தில் கதாநாயகனின் அண்ணனாக வந்து குண்டடிபட்டு விழுந்தார். தம்பி அவர் தலையை மடியில் வைத்துப் பக்கம் பக்கமாகப் பேசி அழுதான். அந்த நேரம் பார்த்து, மாமாவின் திறந்த கண்ணோரத்தில் ஒரு ஈ. சனியனே என்று எழுந்துபோய்த் துண்டால் டி.வி.யைத் தட்டினேன். போகவில்லை. மறுபடியும் தட்டினேன். அது கண்ணாடிக்கு உள்ளே இருந்தது.

இமையிலிருந்து விழிக்கு நடந்தது. இமை துடிக்கவில்லை. நெஞ்சு ஏறி இறங்கவில்லை. அழுதுகொண்டிருந்த பெண்கள்கூடக் கதாநாயகனை விட்டுவிட்டு ஈயைப் பார்த்தார்கள்.

துண்டோடு அப்படியே திரும்பினேன்.

“எப்படீங்க மாமா பொறுத்துட்டு இருந்தீங்க?”

மாமாவுக்குக் கேள்வியே விளங்கவில்லை.

“ஏஞ்சாமி, பொணம் ஈ ஓட்டுமா?”