கைமாத்து ஷிஃப்ட்

வலது தோள் பூட்டுக்குள் யாரோ திருப்புளியை விட்டுத் திருகுகிற மாதிரி வலித்தது. ஈரப் போர்வை ஒன்றை டிரம்முக்குள்ளிருந்து இடது கையால் இழுத்துப் போடுவதற்குள் அவளுக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. நனைந்த போர்வை பிணக்கனம் கனக்கும் என்று அந்தச் சலவை ஆலையில் எல்லாரும் சொல்வார்கள். பிணம் எவ்வளவு கனக்கும் என்பது இப்போது அங்கே அவள் ஒருத்திக்குத்தான் தெரியும்.

தோள் இறங்கிப் படுத்திருந்துவிட்டு அன்றைக்குத்தான் வேலைக்குத் திரும்பியிருந்தாள்.

"என்னடி, சோப்புத் தண்ணியில சறுக்கி விழுந்துட்டியாமே? இந்த வயசுல என்ன டான்ஸு உனக்கு?" என்று இஸ்திரி மேடையிலிருந்து இஸ்திரிக்காரி சிரித்தாள்.

"நான் சறுக்கல அக்கா. நீராவிக் குழாய் வெடிச்சுது. அதுக்கடியில எங்கண்ணன் நின்னான். நீயும் நானும்தான் இழுத்துட்டு வந்தோம். நீ கால் பக்கம், நான் தோள் பக்கம்."

"உங்கண்ணன்தான் எவளையோ கூட்டிக்கிட்டு ஓடிட்டானே. ஊரே வாயில போட்டு மெல்லுது. காய்ச்சல் கீய்ச்சல் தலைக்கேறிடுச்சா?"

அந்த முகத்தில் பொய் இல்லை. பொய் சொல்கிறவளாக இருந்தால் கொண்டையைப் பிடித்து நாலு கேள்வி கேட்டிருப்பாள்.

கேன்டீன் மூலையில் பீரோ உயரத்துக்கு நின்றது பெட்டி. நெற்றி வைக்க ஒரு திண்டு, பிடித்துக்கொள்ள இரண்டு பக்கமும் பித்தளைக் கம்பி. முன்னால் உட்காருகிறவர்களின் ஞாபகத்தையெல்லாம் உறிஞ்சி, ஒன்றாகக் கரைத்து, ஆபீசுக்கு வேண்டிய பதத்தில் எல்லார் தலையிலும் திருப்பி ஊற்றும். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு வேறு மாதிரி சொல்வதால் தொழிலாளிகள் அதற்கு மாமியார் என்று பெயர் வைத்திருந்தார்கள். வெடித்த மறுநாளிலிருந்து ஆலையில் ஒருவர் விடாமல், பிறகு வீட்டு ஆட்களையும் கூப்பிட்டு, அதன் முன்னால் உட்கார வைத்துவிட்டார்கள். படுக்கையில் கிடந்ததால் அவள் மட்டும் பாக்கி.

"நாளைக்கு உன் முறைம்மா," என்றார் பெட்டி ஆபரேட்டர். அண்ணனோடு தினமும் டீ குடித்தவர்.

"தப்பிக்க வழியே இல்லையா?"

அவர் கம்பியைத் துணியால் துடைத்துக்கொண்டே குரலைத் தணித்தார். "ரெண்டு பேர் ஆளுக்கொரு கம்பியைப் பிடிச்சு, ஒரே விஷயத்தை நினைச்சா மாமியாரால மாத்த முடியாது. அப்படியே பதிஞ்சுக்கும். எல்லாருக்கும் திரும்பி வந்துரும். அதான் ஒவ்வொருத்தரா உக்கார வெக்கிறாங்க. நீ ஜோடியா வந்தா நான் கண்டுக்க மாட்டேன். ஆனா கூட வர்ற ஆளு மனசார நம்பணும். சும்மா பிடிச்சா வேலைக்காகாது."

"நீங்களே வரலாமே? உங்களுக்கு ஞாபகம் இல்லையா?"

"அவன்கூட டீ குடிச்சது ஞாபகம் இருக்கு. அவன் ஓடிப்போனதும் ஞாபகம் இருக்கு." துணியை மடித்தார். "என்னைத்தான் முதல்ல உக்கார வெச்சிருப்பாங்க, இல்ல?"

சாயங்காலம் நேரே அண்ணி வீட்டுக்குப் போனாள். அண்ணி ஒன்றும் கேட்காமல் அவளைப் பலகையில் உட்கார வைத்து, எண்ணெயைச் சுடவைத்துத் தோளில் தேய்த்தாள். அந்தக் கைச்சூட்டில் அவளுக்கு எல்லாம் வெளியே வந்துவிட்டது.

"அன்னைக்கு அது என் ஷிஃப்ட்டு அண்ணி."

ஆபீசுக்குத் தெரியாமல் ஒருவர் ஷிஃப்டை இன்னொருவர் பார்த்துக் கொடுப்பதற்கு ஆலையில் கைமாத்து என்று பெயர். இரண்டு நாள் சேர்ந்தாற்போல வேலை பார்த்து அவளுக்கு நிற்க முடியவில்லை. "போய்ப் படுடி கும்பகர்ணி. கைமாத்துதான். அடுத்த வாரம் என்னுதைப் பாத்துக் குடு," என்று சொல்லி அண்ணன் அவள் வருகை அட்டையை எடுத்துக்கொண்டு உள்ளே போனான். தூங்கி எழுந்து, அவனுக்குச் சாப்பாடு எடுத்துக்கொண்டு வாசலை மிதித்தபோதுதான் வெடித்தது. கணக்குப்படி அவன் அன்றைக்கு ஆலையிலேயே இல்லை. ஆபீசுக்கு அது வாய்ப்பாகப் போயிற்று. கம்பெனி வண்டி வந்து உடம்பை எடுத்துப் போனது.

அண்ணியின் கை நின்றது. பிறகு மறுபடி தேய்த்தது.

"என் தோளைத் தொட்டுப் பாருங்க. சறுக்கி விழுந்தா இப்படியா இறங்கும்? அவனைத் தூக்கின தோளு இது. நாளைக்கு என்கூட வந்து ஒரு கம்பியைப் பிடிங்க, போதும்."

"நீ பொய் சொல்ற ஆளில்ல," என்றாள் அண்ணி மெதுவாக.

"அப்போ வர்றீங்களா?"

அண்ணி எழுந்து போய்க் கையைக் கழுவினாள். ரொம்ப நேரம் கழுவினாள்.

"தினம் காலையில எந்திரிச்சு அந்த ஆளைத் திட்டறேன். பாத்திரம் தேய்க்கும்போது திட்டறேன். வந்தா என்னென்ன கேக்கணும்னு சேத்து வெச்சிருக்கேன். அந்த வேகத்துலதான்டி அடுப்பு எரியுது இங்க. செத்தவனை நான் எப்படித் திட்டுவேன்?"

"அண்ணி…"

"எனக்கு அவன் ஓடிப்போனவனாவே இருந்துட்டுப் போகட்டும். நீ சாப்பிட்டுப் போ."

அவள் சாப்பிட்டாள். கிளம்பும்போது கதவுப் பக்கம் பார்த்தாள். அண்ணனின் பழைய செருப்பை அண்ணி வெளியே வீசியிருந்தாள். திரும்ப உள்ளே எடுத்தும் வைத்திருந்தாள், மண்ணோடு.

மறுநாள் ஆபரேட்டர் அவளுக்குப் பின்னால் வாசலை எட்டிப் பார்த்தார். யாரும் வரவில்லை. அவள் நெற்றியைத் திண்டில் வைத்து, இடது கம்பியைப் பிடித்தாள். இரண்டு கம்பியையும் தானே பிடித்துவிடலாம் என்று ஒரு புத்தி. வலது கையைத் தூக்கினாள். அது தோள் உயரத்துக்குக்கூட எழவில்லை.

"விட்டுடும்மா," என்றார் அவர். சுவிட்சைப் போட்டார்.

கொஞ்ச நேரத்தில் அவள் டிரம்முக்குத் திரும்பினாள். இஸ்திரிக்காரி, "தோளு எப்படிடி இருக்கு?" என்றாள்.

"சறுக்கி விழுந்தது இவ்வளவு நாளா வலிக்கும்னு யாரு கண்டா அக்கா?"

"உங்கண்ணன்கிட்டயிருந்து ஏதாச்சும் தகவல்?"

"அவன் பேச்சை எடுக்காத. கட்டினவளை நடுத்தெருவுல விட்டுட்டு ஓடின நாய்."

ஈரப் போர்வையைப் பிடித்து இழுத்தாள். அந்தக் கனம் எப்போதோ தூக்கிய கனமாக இருந்தது. ஒரு கணம் நின்றாள். இஸ்திரி மேடையிலிருந்து சத்தம் வந்ததும் மறுபடி இழுத்தாள்.

அண்ணன் அவளுக்காகப் பார்த்துக் கொடுத்தது ஒரு காலை ஷிஃப்ட். அதை அவள் இன்னும் திருப்பிக் கொடுக்கவில்லை.