லிம் கடை வாசலில் உடைத்த பூசணி

என் முதலாளி லிம் ஒரு சீனர். பாரிஸில் ரூ பிலிப்-து-ஜிரார் என்ற தெருவில் மீன்கடை வைத்திருந்தார். சீனன் தமிழருக்கு விளைமீனும் நண்டும் விற்கிறானாம் என்று நான் குடியிருக்கும் புறநகர் பொண்டியில் என் பக்கத்து வீட்டார் சிரிப்பார்கள். நான் மன்னார்க்காரி. பழுதான மீனை மற்றவர் தலையில் கட்டுகிறவன் யார் என்று ஆளைப் பார்த்தே சொல்லிவிடுவேன். லிம் அப்படிக் கட்டாத ஆள். அதனால்தான் இத்தனை வருடம் அவரிடம் நின்றேன். முன்கோபக்காரி என்று பேரெடுத்த என்னை அவரும் வைத்துச் சமாளித்தார்.

அவர் பிறந்தது வியட்நாமில், சைகோனுக்குப் பக்கத்தில் உள்ள சோலோனில். அப்போது அந்த நாட்டை ஆண்டவன் பிரெஞ்சுக்காரன். லிம்மின் தகப்பன் சீனாவிலிருந்து வெறுங்கையோடு கப்பலேறி வந்து, மூட்டை சுமந்து, கடைசியில் சொந்தமாக அரிசி ஆலை போட்டவர். மேலே வெள்ளைக்காரன் வரி கேட்டான், கீழே துப்பாக்கிக்காரர் கப்பம் கேட்டார்கள். இரண்டு பேரும் ஒரே மேசையில் இருந்து சாப்பிட்டவர்கள்தான் என்று லிம் சொல்வார். ஒருநாள் தகப்பன் கப்பம் இல்லை என்று சொல்லிவிட்டார். அடுத்த நாள் விடிய ஆலை வாசலில் பன்றி இரத்தம் ஊற்றிக் கிடந்தது. அன்று பின்னேரமே அவரை ஆலைக்குள் வைத்து வெட்டினார்கள். சின்னப்பிள்ளை லிம் அரிசி மூட்டைகளுக்குப் பின்னால் ஒளித்திருந்து எல்லாவற்றையும் பார்த்தார்.

வாசலில் இரத்தத்தைக் கண்டதுமே அப்பா கத்தியைத் தூக்கியிருக்க வேண்டும், காத்திருந்ததுதான் பிழை என்று மீன் தலையை வெட்டிக்கொண்டே சொல்வார்.

போன மாசியில் முகத்தை மூடிய சிலர் சுத்தியலோடு கடைக்குள் புகுந்தார்கள். அவர்கள் யாரென்று இன்றுவரை தெரியாது. என்னைக் குளிரறைக்குள் தள்ளிப் பூட்டினார்கள். கண்ணாடிப் பெட்டியை நொறுக்கினார்கள். எழுபது தாண்டிய மனிதரை நிலத்தில் விழுத்தி, சுத்தியல் பிடியால் வாயில் இடித்து முன்பற்களைக் கொட்டவைத்தார்கள். கடையை விட்டுப் போ, இல்லையென்றால் திரும்பி வருவோம் என்று சொல்லிப் போனார்கள். பொலிஸ் வந்தது, எழுதியது, போனது. நல்ல உத்தியோகம்.

அன்றிலிருந்து லிம் கடைக்குள்ளேயே படுத்தார். மீன் வெட்டும் பெரிய கத்தி எப்போதும் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. அப்பாவின் ஆலைதான் போய்விட்டது, இதையும் விட்டு ஓடமாட்டேன், வெட்டிவிட்டுத்தான் சாவேன் என்றார்.

எதிர்ப்பக்கத்தில் பலசரக்குக்கடை வைத்திருக்கும் பொன்னம்பலம் அண்ணைக்கு இது தாங்கவில்லை. இரண்டு பேரும் அரைகுறைப் பிரெஞ்சில் ஒருவரையொருவர் நக்கலடித்தபடி தினமும் தேத்தண்ணி குடிக்கிறவர்கள். லிம்முக்குப் பொல்லாத கண்ணூறு பட்டிருக்கிறது என்று என்னிடம் வந்து புலம்பினார். நான் வேதக்காரி, மாதாவைக் கும்பிடுகிறவள். சுத்தியலோடு வந்தவனுக்குக் கண்ணூறு ஒன்றும் தேவையில்லை அண்ணை என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

ஒரு வெள்ளிக்கிழமை காலை நான் ரெயிலால் இறங்கித் தெருமுனையில் திரும்பினேன். லிம் கடை வாசலில் நீத்துப்பூசணிக்காய் ஒன்று சிதறிக் கிடந்தது. உள்ளே போட்ட குங்குமம் தண்ணீரோடு கரைந்து படிவரைக்கும் சிவப்பாக ஓடியிருந்தது. பொன்னம்பலம் அண்ணை தெருவைக் கடந்து தன் கடைப் பக்கம் போய்க்கொண்டிருந்தார். எனக்கு உடனே விளங்கிவிட்டது. ஒவ்வொரு தையிலும் தன் கடைக்குச் செய்கிற கண்ணூறு கழிப்பை இன்றைக்கு லிம்முக்குச் செய்திருக்கிறார். உடைத்தவர் திரும்பிப் பார்க்கக் கூடாது. போய்க் கால் கழுவும்வரை வாய் திறக்கவும் கூடாது. அண்ணை இதில் எல்லாம் வலு கண்டிப்பு.

லிம் கதவைத் திறந்தார். காலடியில் சிவப்பைக் கண்டார். யாரது, நில் என்று கத்தினார். குளிருக்குத் தொப்பியை இழுத்துவிட்டிருந்த அண்ணை திரும்பவில்லை, பதில் சொல்லவுமில்லை. இன்னொரு தரம் கத்தியும் நடந்துகொண்டேயிருந்தார். நான் ஓடினேன். அதற்குள் லிம் பாய்ந்து பின்னாலிருந்து தோளில் வெட்டிவிட்டார். விழுந்த அண்ணை மல்லாந்து கையைத் தூக்கினார். இரண்டாவது வெட்டு அந்தக் கையில் விழுந்தது. விரல்கள் தெருவில் சிதறின. அப்போதும் அவர் வாய் திறக்கவில்லை. அப்படியே மயங்கிப்போனார்.

தொப்பி கழன்றதும்தான் லிம் முகத்தைப் பார்த்தார். நீயுமா என்று கேட்டுக் கத்தியை மறுபடியும் ஓங்கினார். அண்ணையும் அந்தக் கூட்டத்தோடு சேர்ந்தவர் என்று நினைத்துவிட்டார்.

நான் நடுவில் போய் நின்றேன். எனக்கும் விழும் என்றுதான் நினைத்தேன். பிரெஞ்சில் கத்தினேன்.

“முசியு லிம், அது இரத்தமில்லை. உங்கள் கடையைப் பிடித்த கெட்டதை விரட்டத்தான் அவர் அதை உடைத்தார். திரும்பிப் பார்த்தால் பலிக்காது என்பது எங்கள் வழக்கம். உங்களுக்காகத்தான் பேசாமல் போனார்.”

அவர் என்னைப் பார்த்தார், படியைப் பார்த்தார், அண்ணையைப் பார்த்தார்.

“எனக்காகவா?”

கத்தியைக் குனிந்து தெருவில் வைத்தார். எறியவில்லை, மெதுவாக வைத்தார். பிறகு அண்ணையின் பக்கத்தில் முழங்காலில் இருந்து, வெட்டுப்பட்ட கையைத் தன் ஏப்ரனால் சுற்றி இறுக்கிப் பிடித்தார்.

அப்போதுதான் அண்ணையின் மகன் கிருஷிகன் கடைக்குள்ளிருந்து வந்தான், ஷட்டர் இழுக்கிற இரும்புக் கம்பியோடு. இங்கேயே பிறந்து வளர்ந்தவன். நான் பிரெஞ்சில் கத்தியது அவனுக்கும் கேட்டிருக்கும். ஆனால் தகப்பனின் இரத்தத்தைக் கண்டவனுக்குக் காது அடைத்துப்போயிற்று. முதல் அடி லிம்மின் பிடரியில் விழுந்தது. நான் கம்பியைப் பிடித்துத் தொங்கினேன். என்னை உதறிவிட்டு, அவர் தலை தலையாக இல்லாமல் போகும்வரை அடித்தான். லிம் கையைக் கூடத் தூக்கவில்லை. அண்ணையின் கையை அழுத்திப் பிடித்தபடியே செத்தார்.

அண்ணை பிழைத்துக்கொண்டார். ஆஸ்பத்திரி வாசலில் அவர் மனைவி தில்லைநாயகி அக்கா என்னைப் பிடித்துக்கொண்டாள். கிருஷிகன் அடிக்கும்போது லிம்மின் கையில் கத்தி இருந்தது என்று நான் சாட்சி சொன்னால் பிள்ளை சிறையிலிருந்து கெதியாக வெளியே வந்துவிடுவானாம். வக்கீல் சொன்னாராம்.

“நீரும் பிள்ளை பெத்தனீர்தானே, கொறற்றி.”

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவள் முகத்தைப் பார்த்தால் அழுகையும் வந்தது. அவள் பிடியை விலக்கிக்கொண்டு உள்ளே போனேன். அவளும் பின்னால் வந்தாள்.

அண்ணைக்கு லிம் செத்தது தெரியும், மகன் உள்ளே இருப்பதும் தெரியும். எப்படி நடந்தது என்று யாரும் சொல்லவில்லை. கட்டுப்போட்ட கையை நெஞ்சில் வைத்தபடி கிடந்தவர் என்னைக் கண்டதும் கேட்டார்.

“கொறற்றி, நான் என்னத்துக்கு உடைச்சனான் எண்டு அந்த மனிசனுக்குக் கடைசியிலை எண்டாலும் விளங்கினதோ?”

தில்லைநாயகி அக்கா கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு என் வாயையே பார்த்தாள்.

“ஓம் அண்ணை,” என்றேன். “விளங்கினபடியாத்தான் கத்தியைக் கீழை வைச்சவர்.”